தொழிலாளர் வரலாற்றைப் பாட்டிலும் தேடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் மே தினச் சிறப்புப் பக்கத்தில் வெளியான, அமெரிக்கத் தொழிலாளர் இயக்கம் பற்றிய நீண்ட கட்டுரையை இரண்டு முறை படித்தேன். 1886ஆம் ஆண்டு சிகாகோவின் ஹேமார்க்கெட் சதுக்கத்தில் நடந்தவற்றில் தொடங்கி, எட்டு மணி நேர வேலைநாளுக்காக நடந்த போராட்டங்களை ஆண்டு பிசகாமல் வரிசைப்படுத்தியிருந்த கட்டுரையாளரின் உழைப்பு பாராட்டுக்குரியது. ஆனால், அத்தனை பெரிய கட்டுரையில் பாட்டுகளுக்குக் கிடைத்த இடம் ஒரே ஒரு வாக்கியம்தான். கூட்டங்களில் தொழிலாளர்களுக்கு உற்சாகமூட்டப் பாட்டுகள் பாடப்பட்டன என்று சொல்லிவிட்டுக் கட்டுரை அடுத்த மாநாட்டுத் தீர்மானத்துக்குப் போய்விடுகிறது. அந்த ஒரு வாக்கியத்தை முன்னிட்டே இக்கடிதத்தை எழுதுகிறேன்.

நான் அச்சகத்தில் எழுத்துக் கோத்து வாழ்ந்தவன். சங்கத் தோழர் ஒருவர் மூலம் பல ஆண்டுகளுக்கு முன்பு 'ஃபெல்லோ வொர்க்கர்ஸ்' என்ற இசைத்தொகுப்பு என் கைக்கு வந்தது. யூட்டா பிலிப்ஸ் என்ற நாட்டுப்புறப் பாடகரும் ஆனி டிஃப்ராங்கோ என்ற இளம் இசைக்கலைஞரும் சேர்ந்து 1999இல் வெளியிட்ட தொகுப்பு அது. வெளியானபோது பிலிப்ஸ் அறுபதைத் தாண்டியவர்; டிஃப்ராங்கோ முப்பதை எட்டாதவர். அமெரிக்க ஆங்கிலம் என் காதுக்குப் பிடிபட நாளாயிற்று. பிலிப்ஸ் கதை சொல்லும் பகுதிகளைத் திரும்பத் திரும்பக் கேட்டு, ஒரு நோட்டுப் புத்தகத்தில் தமிழில் எழுதி வைத்துக்கொண்டுதான் அவற்றைப் புரிந்துகொண்டேன். வில்லுப்பாட்டு கேட்டு வளர்ந்தவர்களுக்கு அதன் அமைப்பை அதிகம் விளக்க வேண்டியதில்லை. பெரியவர் கதையை எடுத்துச் சொல்கிறார். வாத்தியங்கள் தாழ்ந்த குரலில் அவரைத் தொடர்கின்றன. கதை முற்றுகிற இடத்தில் பாட்டு எழுகிறது. கேட்டுக்கொண்டிருப்பவர்கள் பல்லவியைப் பிடித்துக்கொள்கிறார்கள். 'சகத் தொழிலாளர்களே' என்பதுதான் தலைப்பின் பொருள். நாம் 'தோழர்' என்று விளிக்கும் இடத்தில், ஐ.டபிள்யூ.டபிள்யூ. என்ற அமெரிக்கத் தொழிற்சங்கத்தினர் ஒருவரையொருவர் 'சகத் தொழிலாளி' என்றே விளித்தார்கள். பிலிப்ஸ் அந்தச் சங்கத்தின் உறுப்பினராக இருந்தவர். அந்த விளியைத் தலைப்பாக வைத்ததிலேயே கேட்பவரையும் அவர் உள்ளே சேர்த்துக்கொள்கிறார்.

பாட்டு அந்தச் சங்கத்துக்கு எவ்வளவு அடிப்படையான கருவியாக இருந்தது என்பதற்கு அதன் தொடக்க கால வரலாறே சான்று. 1905 ஜூன் மாதம் சிகாகோவில் தொடங்கப்பட்ட ஐ.டபிள்யூ.டபிள்யூ., கைவினைத் திறன் பெற்றவர்களை மட்டும் சேர்த்துக்கொண்ட பழைய சங்கங்கள் ஒதுக்கிய மக்களைத் தேடிப் போனது: நேற்றுக் கப்பலில் வந்திறங்கியவர்கள், பெண்கள், கறுப்பினத்தவர், ஊர் ஊராகச் சரக்கு ரயிலில் தொற்றிச் சென்று மரம் வெட்டியும் அறுவடை செய்தும் பிழைத்தவர்கள். வாஷிங்டன் மாநிலத்தின் ஸ்போகேன் நகரில், வேலை வாங்கித் தருவதாகச் சொல்லிப் பணம் பறித்த தரகர்களுக்கு எதிராக அச்சங்கத்தார் தெருமுனையில் பேசினார்கள். அவர்கள் பேசத் தொடங்கியதும் இரட்சணிய சேனையின் வாத்தியக் குழு பக்கத்திலேயே நின்று ஞானப்பாட்டுகளை முழங்கும். பேச்சு காற்றில் கரைந்துவிடும். தொழிலாளர்கள் கண்ட மாற்று எளிமையானது. அந்த ஞானப்பாட்டுகளின் மெட்டுகளையே எடுத்துக்கொண்டு, தங்கள் சொற்களை அவற்றில் ஏற்றிப் பாடினார்கள். எதிர்த்தரப்பின் வாத்தியக் குழு இவர்களுக்குப் பக்கவாத்தியம் ஆகிவிட்டது. 1909இல் அந்நகரில்தான் அவர்களது சிறிய சிவப்புப் பாட்டுப் புத்தகம் முதன்முதலாக அச்சானது. அதே ஆண்டு தெருவில் பேசத் தடை விதிக்கப்பட்டபோது, ஒருவர் பின் ஒருவராகப் பெட்டி மீதேறிப் பேசிக் கைதாகி, நூற்றுக்கணக்கானோர் சிறையை நிரப்பினார்கள். 1910 மார்ச்சில் நகர நிர்வாகம் இறங்கிவந்தது. அச்சுத் தொழிலாளி என்ற முறையில் எனக்கு அந்தப் புத்தகத்தின் அளவே போதும், அதன் நோக்கம் விளங்க. சட்டைப் பையில் அடங்கும் அளவு. பாட்டின் தலைப்புக்குக் கீழே இன்ன பாட்டின் மெட்டு என்ற ஒரு குறிப்பு. நம் பழைய பாட்டுப் புத்தகங்களில் 'வர்ணமெட்டு' என்று அச்சிட்டது போலத்தான். எழுதப் படிக்கத் தெரியாதவருக்கும் மெட்டு ஏற்கெனவே தெரியும். பக்கத்தில் நிற்பவர் ஒரு முறை பாடினால் சொல்லும் வந்துவிடும்.

இந்த முறையின் தலைசிறந்த பாவலர் ஜோ ஹில். 1879இல் ஸ்வீடனின் யேவ்லே நகரில் பிறந்து, 1902இல் அமெரிக்காவுக்கு வந்து, கிடைத்த வேலையைச் செய்து திரிந்தவர். எவ்வளவு நல்ல துண்டறிக்கையானாலும் ஒரு முறைக்கு மேல் யாரும் படிப்பதில்லை, பாட்டோ மனப்பாடமாகித் திரும்பத் திரும்ப வரும் என்று அவரே ஒரு கடிதத்தில் எழுதியிருக்கிறார். செத்த பிறகு வானத்தில் பணியாரம் கிடைக்கும் என்று பசித்தவனுக்கு உபதேசம் செய்கிறவர்களைச் சாடி அவர் எழுதிய பாட்டிலிருந்து வந்த தொடர், இன்று ஆங்கிலத்தில் அன்றாட வழக்காகவே நிலைத்துவிட்டது. யூட்டா மாநிலத்தின் சால்ட் லேக் சிட்டியில் ஒரு மளிகைக் கடைக்காரரையும் அவர் மகனையும் கொன்றதாகக் குற்றம் சாட்டப்பட்டு, 1915 நவம்பர் 19 அன்று ஹில் சுட்டுக் கொல்லப்பட்டார். அமெரிக்கக் குடியரசுத் தலைவர் வில்சனே மறுபரிசீலனை செய்யுமாறு ஆளுநரைக் கேட்டும் தண்டனை நின்றது. குற்றம் ஐயத்துக்கு இடமின்றி நிறுவப்பட்டதா என்ற விவாதம் இன்றும் முடியவில்லை. எனக்காகத் துக்கம் கொண்டாடி நேரத்தை வீணாக்காதீர்கள், ஒன்றுதிரளுங்கள் என்று கடைசி நாளில் சங்கத் தலைவர் ஹேவுட்டுக்கு அவர் தந்தியடித்தார். அவரது சாம்பல் சிறு உறைகளில் இடப்பட்டுப் பல ஊர்களின் கிளைகளுக்கு அனுப்பப்பட்டது. அஞ்சல்துறை கைப்பற்றி வைத்த ஓர் உறை அரசு ஆவணக் காப்பகத்திலேயே கிடந்து, 1988இல்தான் சங்கத்திடம் திரும்பி வந்தது. ஒரு பாட்டுக்காரரின் ஒரு பிடிச் சாம்பலை ஓர் அரசு எழுபது ஆண்டுகள் பூட்டி வைத்திருந்தது என்றால், பாட்டை வெறும் உற்சாகப் பொருளாக அந்த அரசு கருதவில்லை என்பதையாவது நாம் கவனிக்க வேண்டும்.

பிலிப்ஸ் ஏன் இந்தக் கதைகளைச் சொல்லத் தகுதியானவர் என்பதையும் சொல்லியாக வேண்டும். 1935இல் பிறந்த அவர், போர் முடிந்த பிறகு கொரியாவில் அமெரிக்கப் படைவீரராக இருந்தவர். அங்கே கண்டவற்றால் உடைந்துபோய்த் திரும்பி, சரக்கு ரயில்களில் திரிந்து, குடியில் மூழ்கி, கடைசியில் சால்ட் லேக் சிட்டியில் அம்மன் ஹென்னசி என்ற முதிய சமாதானப் போராளி நடத்திய விடுதியில் வந்து தங்கினார். வீடற்றவர்களுக்கும் ஊர் சுற்றும் தொழிலாளிகளுக்கும் சோறும் படுக்கையும் தந்த அந்த விடுதியின் பெயர் ஜோ ஹில் இல்லம். ஹில் சுடப்பட்ட அதே நகரில், அவர் பெயராலேயே நடந்த இல்லம். அங்கேயும் பிற்பாடு பல ஊர்களிலும், பழைய சங்கத்தில் இருந்த கிழவர்களையும் கிழவிகளையும் தேடிப் பிடித்து, அவர்கள் வாயிலிருந்து கதைகளையும் பாட்டுகளையும் வாங்கிக்கொண்டவர் அவர். ஆகவே, இந்தத் தொகுப்பில் நாம் கேட்பது நூலகத்தில் திரட்டிய செய்தியை மட்டும் அல்ல. மறியலில் நின்றவர் சொல்ல, கேட்டவர் சொல்கிறார். நம் மரபில் கர்ண பரம்பரை என்று சொல்வோமே, அந்த வழி அமெரிக்கத் தொழிலாளரிடமும் அறுபடாமல் வந்திருக்கிறது.

அந்த வழியை அடுத்த தலைமுறைக்குத் திறந்துவிட்டவர் டிஃப்ராங்கோ. பெரிய நிறுவனங்களின் ஒப்பந்தங்களை மறுத்துத் தானே தொடங்கிய நிறுவனத்தின் மூலம் பாடல்களை வெளியிட்டு, பெரும்பாலும் இளைஞர்களான, அதிலும் இளம் பெண்களான ரசிகர் கூட்டத்தைச் சேர்த்தவர் அவர். 1996இல் வெளியான இவர்களது முதல் தொகுப்பில், பிலிப்ஸின் மேடைப் பேச்சுப் பதிவுகளை எடுத்து, அவற்றுக்கு அடியில் தன் இசையை அவர் அமைத்திருந்தார். இரண்டாவது தொகுப்பான 'ஃபெல்லோ வொர்க்கர்ஸ்' அப்படி உருவாகவில்லை. நியூ ஆர்லியன்ஸ் நகரில் ஒரு பதிவுக்கூடத்தில், சிறு கூட்டம் சுற்றி உட்கார்ந்திருக்க, இருவரும் வாத்தியக் குழுவினரும் நேருக்கு நேர் அமர்ந்து பாடிப் பதிவு செய்தது. இந்த வேறுபாட்டை நான் முக்கியமாகக் கருதுகிறேன். பெரியவர் மூச்சு விடும் இடத்தில் இளையவர் காத்திருப்பதும், அவர் ஒரு பெயரைச் சொல்லி நிறுத்தும்போது தாளம் தளர்வதும், கூட்டம் தயங்கித் தயங்கிப் பல்லவியில் சேர்வதும் ஒருவர் மற்றவரைப் பார்த்துக்கொண்டிருந்தால் மட்டுமே நிகழக் கூடியவை. புகழ் பெற்ற இளையவர் இதில் தன் குரலை முன்னே தள்ளவேயில்லை. சங்கக் கூட்டம் ஒன்றுக்கும் போயிராத ஒரு தலைமுறை, தனக்குப் பிடித்த பாடகர் ஒதுங்கி நின்று கேட்கிறார் என்பதைக் கண்டு தானும் கேட்டது. சமகால நாட்டுப்புற இசைத்தொகுப்புக்கான கிராமி விருதுக்கும் அது பரிந்துரைக்கப்பட்டது என்பது உண்மைதான். ஆனால், நான் அதை மதிப்பது அதற்காக அல்ல.

நான் மதிப்பதற்கான காரணம் லாரன்ஸ் பற்றிய பகுதியில் இருக்கிறது. மாசசூசெட்ஸ் மாநிலத்தின் அந்த நெசவாலை நகரில், பெண்களுக்கும் சிறார்களுக்கும் வாரத்துக்கு 56 மணி நேரமாக இருந்த வேலையை 54 ஆகக் குறைக்கும் சட்டம் 1912 ஜனவரி 1 அன்று நடப்புக்கு வந்தது. ஆலை முதலாளிகள் நேரத்தைக் குறைத்த கையோடு கூலியையும் குறைத்தார்கள். குறைந்தது வாரத்துக்கு ஏறத்தாழ 32 சென்ட். அரைப்பட்டினிக் குடும்பத்துக்கு அது சில நாள் ரொட்டி. ஜனவரி 11 அன்று கூலி உறையைப் பிரித்துப் பார்த்த போலந்து நாட்டுப் பெண்கள் முதலில் தறியை நிறுத்தினார்கள். அடுத்த சில நாட்களில் 20,000க்கும் மேற்பட்டோர் வெளியே வந்துவிட்டார்கள். ஒரு மொழி பேசுபவர்கள் அல்ல அவர்கள். இத்தாலியர், போலந்தியர், லித்துவேனியர், சிரியர், ரஷ்ய யூதர் எனப் பற்பல நாட்டவர். ஆலை வாசலில் கூட்டமாக நிற்பது குற்றம் என்றபோது, நிற்காமல் ஆலைகளைச் சுற்றிச் சுற்றி நடந்துகொண்டேயிருக்கும் மறியல் சங்கிலியை அவர்கள் உருவாக்கினார்கள். பொது மொழி இல்லாத அந்த மக்கள் பாட்டில் ஒன்று சேர்ந்தார்கள். இப்படிப் பாடிய ஒரு வேலைநிறுத்தத்தைத் தான் அதற்கு முன் கண்டதில்லை என்று ரே ஸ்டானர்ட் பேக்கர் என்ற பத்திரிகையாளர் அந்த ஆண்டிலேயே பதிவு செய்தார். பசியிலிருந்து காப்பாற்றப் பிள்ளைகளை வேறு ஊர்களுக்கு அனுப்ப முயன்றபோது, பிப்ரவரி 24 அன்று ரயில் நிலையத்தில் தாய்களும் பிள்ளைகளும் போலீசால் தாக்கப்பட்டார்கள். நாடே அதிர்ந்தது, நாடாளுமன்றக் குழு விசாரணை நடத்தியது.

அவ்விசாரணையில் சாட்சி சொன்னவர்களில் ஒருவர் கமெலா டியோலி என்ற சிறுமி. நான்கு டாலர் கொடுத்தால் வயதைக் கூட்டிச் சான்றிதழ் தருகிறேன் என்று வந்த ஒருவரை நம்பித் தந்தை மகளை ஆலைக்கு அனுப்பினார். சேர்ந்த சிறிது காலத்தில் அவரது தலைமுடி இயந்திரத்தில் சிக்கி, உச்சித் தோலையே பிய்த்துவிட்டது. மாதக்கணக்கில் மருத்துவமனையில் கிடந்தார். ஆலை மருத்துவச் செலவை ஏற்றதே தவிர, கூலி தரவில்லை. குடியரசுத் தலைவர் டாஃப்டின் மனைவியும் கேட்டுக்கொண்டிருந்த அந்த விசாரணையில் அச்சிறுமி இதைச் சொன்னார். மார்ச் மாத நடுவில் வேலைநிறுத்தம் வெற்றியில் முடிந்தது. குறைந்த கூலி வாங்கியவர்களுக்கு அதிக உயர்வு கிடைத்தது. அதன் பிறகு நடந்ததுதான் என்னை வாட்டுவது. டியோலி அதே நகரில் வாழ்ந்து, மணமாகி, பிள்ளை பெற்று, முதுமையடைந்து இறந்தார். 1970களில் பால் கோவன் என்ற பத்திரிகையாளர் அங்கே சென்று அவரது மகளைச் சந்தித்தபோது, மகளுக்குத் தாயின் சாட்சியம் பற்றி எதுவுமே தெரிந்திருக்கவில்லை. முடி முளைக்காத அந்த உச்சிப் பகுதி தெரியாதபடி, தாயின் கூந்தலை வாரி முடிந்து கொண்டை போட்டுவிட்டவர் அந்த மகள். விரலுக்கு அடியில் இருந்த வரலாறு காதுக்கு வரவில்லை. நாத்திகர்கள், நாட்டுப்பற்றில்லாத அயலார் செய்த கலகம் என்ற பழி அந்த நகரின் மீது அப்படிக் கவிந்திருந்தது. வென்றவர்களே வாயைத் திறக்கவில்லை.

நீண்ட நினைவுதான் அமெரிக்காவிலேயே மிகத் தீவிரமான கருத்து என்று பிலிப்ஸ் இத்தொகுப்பில் ஓரிடத்தில் சொல்கிறார். டியோலி வீட்டுக் கதையை அறிந்த பிறகுதான் அந்தச் சொல்லின் கனம் எனக்கு உறைத்தது. ஆவணம் இருந்தது, சாட்சியம் வாஷிங்டனில் அச்சாகிப் பத்திரமாகவே இருந்தது. ஆனால், அதை எடுத்து வாயால் சொல்ல ஆள் இல்லாத இடத்தில், சொந்த மகளுக்கே அது எட்டவில்லை.

இதற்கு ஒரு மறுப்பு எழும் என்பதை அறிவேன். பாட்டும் கதையும் உண்மையை மாற்றிவிடும், வரலாற்றாசிரியர் அவற்றை நம்பலாமா என்று தங்கள் கட்டுரையாளர் கேட்கலாம். நியாயமான கேள்வி. ரொட்டியும் வேண்டும், ரோஜாவும் வேண்டும் என்ற கருத்துடைய புகழ்பெற்ற பாட்டு இதே தொகுப்பில் லாரன்ஸ் கதையை அடுத்து வருகிறது. அந்த வாசகத்தை லாரன்ஸ் பெண்கள் பதாகையில் ஏந்தி நடந்தார்கள் என்று பலரும் நம்புகிறார்கள். ஜேம்ஸ் ஓப்பன்ஹைம் எழுதிய அக்கவிதையோ 1911 டிசம்பரிலேயே, அதாவது வேலைநிறுத்தம் தொடங்குவதற்கு முன்பே, ஓர் இதழில் அச்சாகிவிட்டது. பதாகைக்கு அக்காலச் சான்று எதுவும் உறுதியாகக் கிடைக்கவில்லை. கதையைத் திருத்தத்தான் வேண்டும். ஆனால், லாரன்ஸ் வாய்மூடியிருந்த பல பத்தாண்டுகளில், அந்த ஊரின் பெயரையும் அங்கே பெண்கள் முன்னின்றார்கள் என்ற செய்தியையும் வேறு ஊர்களில் சுமந்து திரிந்தது அந்தப் பாட்டோடு ஒட்டிக்கொண்ட நம்பிக்கைதான். அதைக் கேட்டு வந்தவர்கள்தான் பிறகு ஆவணங்களைப் புரட்டித் திருத்தவும் செய்தார்கள். ஆண்டைத் தவறாகச் சொல்லும் பாட்டை ஆவணத்தால் திருத்திக்கொள்ளலாம். யாரும் வாய்விட்டுச் சொல்லாத ஆவணத்தைத் தேடி எவரும் போவதில்லை.

தொகுப்பில் குறையே இல்லை என்று நான் சொல்லவில்லை. மஞ்சள் காய்ச்சலில் கணவரையும் நான்கு பிள்ளைகளையும் இழந்து, பிறகு சுரங்கத் தொழிலாளர்களையே பிள்ளைகளாகக் கொண்ட மதர் ஜோன்ஸுக்கு அதில் உரிய இடம் இருக்கிறது; அமெரிக்காவிலேயே அபாயகரமான பெண் என்று அரசு வழக்கறிஞர் அவரைச் சொன்ன தொடரே அப்பகுதிக்குத் தலைப்பு. ஆனால், ஃபிலடெல்ஃபியா துறைமுகத்தில் கறுப்பினத்தாரையும் வெள்ளையரையும் ஒரே கிளையில் இணைத்து நடத்திய, 1918இல் பத்தாண்டுச் சிறைத்தண்டனை பெற்ற பென் ஃப்ளெட்சருக்கென்று தனிப்பாட்டோ கதையோ இல்லை. அந்தச் சங்கத்தின் பெருமைகளில் முதன்மையானதாக நான் கருதுவது அதைத்தான். இத்தகைய விடுபடல்களையும் எடுத்துக்காட்டிப் பேசும் விமர்சனம் வர வேண்டும் என்பதே என் விருப்பம். புத்தகங்களுக்கு அந்த மரியாதையைத் தங்கள் நாளிதழ் பல்லாண்டுகளாகத் தந்துவருகிறது. இசைத்தொகுப்புகளுக்கோ குரல் இனிமை, மெட்டின் கவர்ச்சி என்ற அளவில் நான்கு வரி விழுகிறது.

ஆகவே தங்களிடம் ஒரு வேண்டுகோள். தொழிலாளர் வரலாறு பற்றி அடுத்து எழுதச் செய்யும்போது, ஆண்டும் தலைவர் பெயரும் அறிந்த ஒருவரோடு, இசை அறிந்த ஒருவரையும் சேர்த்து எழுதச் செய்யுங்கள். தனித்தனியே அல்ல, இந்தத் தொகுப்பை உருவாக்கிய இருவரைப் போல ஒரே மேசையில் உட்கார்ந்து. பாட்டு எந்த ஞானப்பாட்டின் மெட்டில் எழுந்தது, யார் வாயிலிருந்து யாருக்கு வந்தது, அது சொல்வதில் எது சான்றோடு பொருந்துகிறது, எது பொருந்தவில்லை என்று அவர்கள் எழுதட்டும். உரிமையாளர்களிடம் முறையாக இசைவு பெற்று, பிலிப்ஸ் சொல்லும் கதைகளில் இரண்டையாவது தமிழில் வெளியிட முடிந்தால் இன்னும் நல்லது. என் நோட்டுப் புத்தகத்தில் லாரன்ஸ் பகுதி முழுமையாக இருக்கிறது. மொழிபெயர்ப்பாளன் செய்த வேலை அல்ல அது. இரண்டு இடங்களில் சொல் பிடிபடாமல் கோடிட்டு விட்டிருக்கிறேன். அந்தக் கோடுகளை நிரப்பத் தெரிந்தவர் தங்கள் அலுவலகத்தில் இருந்தால், நோட்டுப் புத்தகத்தை உடனே அனுப்பி வைக்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற அச்சுக்கோப்பாளர் ஒருவர்